உடைந்த குரலுக்கு ஒரு வேடம்

1969 ஏப்ரல் 22, லண்டன் குயீன் எலிசபெத் ஹால். மேடையில் பெரிய பெரிய பறவைக் கூண்டுகள். புல்லாங்குழல், கிளாரினெட், வயலின், செல்லோ வாசிப்பவர்கள் நால்வரும் அவற்றுக்குள்ளே. அவர்களுக்கு நடுவே உலவும் மனிதர் பாடுகிறார், உறுமுகிறார், கீச்சிடுகிறார், திடீரென்று கொஞ்சுகிறார். ஏழாவது பாட்டில் கூண்டுக் கம்பிகளுக்கிடையே கையை நுழைத்து வயலினைப் பிடுங்கி உடைத்துப் போடுகிறார்.

பீட்டர் மேக்ஸ்வெல் டேவிஸ் இசையமைத்த ‘பித்தான அரசனுக்கு எட்டுப் பாடல்கள்’ என்ற படைப்பின் முதல் அரங்கேற்றம் அது. அரசனாக நின்றவர் ராய் ஹார்ட். அந்த நிகழ்ச்சியைப் பற்றிப் பேச்செடுத்தாலே ஆட்கள் வயலினில்தான் தொடங்குவார்கள். எனக்கோ அந்த அரை மணி நேரத்தில் பெரிதாகப் படுவது, வயலினுக்கு முன்பே உடைந்து போயிருந்த அந்தக் குரல். அது எங்கிருந்து வந்தது, அதை எப்படிப் பழக்கினார்கள், ஏன் அந்த வேடத்தில் அது எடுபட்டது என்பதைத்தான் இங்கே பார்க்கப் போகிறேன். நாடகக் குரலைப் பற்றி என் தலையில் இருந்த சில எண்ணங்களைப் புரட்டிப் போட்ட நிகழ்வு இது.

பதுங்கு குழியில் கேட்ட ஒலி

கதை தொடங்குவது மேடையில் இல்லை. ஆல்ஃப்ரெட் வுல்ஃப்ஸோன் 1896-இல் பிறந்த ஜெர்மானிய யூதர். முதல் உலகப் போரில் பதுங்கு குழிகளில் கிடந்தவர். காயம்பட்டுக் கிடந்த ஒரு வீரன் உதவி கேட்டுக் கத்திக்கொண்டே இருக்க, தன் உயிரைக் காத்துக்கொள்ள அவனை விட்டுவிட்டு ஊர்ந்து போனது அவரை விடவே இல்லை. போர் முடிந்தது, காதுக்குள் அந்த அலறல் முடியவில்லை. மருத்துவமனை வாசத்தாலும் அது நிற்கவில்லை.

அவர் கண்டுபிடித்த வழி விசித்திரமானது. காதில் கேட்கும் அந்த ஒலிகளைத் தன் வாயாலேயே எழுப்பிப் பார்த்தார். சாகும் மனிதனின் குரல், பயந்தவனின் குரல், குழந்தையாகிப் போன பெரியவனின் குரல் எல்லாவற்றையும். பாட்டு வாத்தியார்களிடம் போனபோது அவர்கள் அழகான ஒலியைக் கேட்டார்கள். இவருக்குத் தேவைப்பட்டதோ, அழகு என்று யாரும் சொல்லாத ஒலிகளுக்கும் இடம். சாவின் விளிம்பில் ஒரு சாதாரணச் சிப்பாய் எழுப்பிய ஒலியின் வீச்சு, எந்த ஓபரா பாடகரிடமும் இல்லாத வீச்சாக அவருக்குப் பட்டது. அப்படியானால் அந்த வீச்சு எல்லாத் தொண்டையிலும் இருக்கிறது; நாம்தான் அதைப் பூட்டி வைத்திருக்கிறோம். அவருடைய வாழ்நாள் வேலை முழுவதும் இந்த ஒரு யூகத்தின் மேல் நின்றது.

பெர்லினில் குரல் ஆசிரியரானார். அங்கே அவரிடம் பயின்றவர்களில் பாடகி பவுலா லிண்ட்பெர்க் ஒருவர். பவுலாவின் கணவருடைய மகள் சார்லோட்டே சாலமன், பிரான்சில் தஞ்சம் புகுந்திருந்தபோது தன் வாழ்க்கையை நூற்றுக்கணக்கான ஓவியங்களாக வரைந்தார். அவற்றில் வுல்ஃப்ஸோன் வேறொரு பெயரில் திரும்பத் திரும்ப வருகிறார். 1943-இல் சார்லோட்டே அவுஷ்விட்ஸில் கொல்லப்பட்டார். வுல்ஃப்ஸோன் அதற்கு முன்பே லண்டனுக்குத் தப்பியிருந்தார். போருக்குப் பிறகு கோல்டர்ஸ் கிரீன் பகுதியில் ஒரு சின்ன அறை, ஒரு பியானோ, சில மாணவர்கள். 1962-இல் இறக்கும் வரை வேலை அங்கேதான் நடந்தது.

பாடம் எப்படி நடக்கும்

வழக்கமான பாட்டு வகுப்பை நினைத்துக்கொள்ளுங்கள். ஆசிரியர் ஸ்வரத்தை ஒவ்வொரு படியாக மேலே ஏற்றுகிறார். ஓர் இடத்தில் மாணவரின் குரல் பிசிறி உடைகிறது. ஆசிரியர் நிறுத்தி, இரண்டு படி கீழே இறங்கி, அந்த உடைப்பு கேட்காதபடி பூசி மெழுகக் கற்றுத் தருகிறார். பல ஆண்டுப் பயிற்சியின் சாரமே இந்தப் பூச்சு வேலைதான் என்றுகூடச் சொல்லலாம்.

வுல்ஃப்ஸோன் வழியில் ஆசிரியர் அந்த உடைப்பில்தான் நிற்பார். அதே ஸ்வரம், மறுபடியும். உடையட்டும். மெதுவாக உடைத்துக் காட்டு. உடையும்போது உள்ளே கேட்கிற இரண்டு குரலில் எது உனக்குப் பிடிக்கவில்லை? சரி, அதைக் கொஞ்சம் வளர்த்துப் பார். ஆணுக்கு இன்ன எல்லை, பெண்ணுக்கு இன்ன எல்லை என்ற வகைப்பாட்டையும் அவர் ஒத்துக்கொள்ளவில்லை. பெண்கள் அடித்தொண்டைக்கு இறங்கினார்கள், ஆண்கள் உச்சிக்கு ஏறினார்கள். ஜெனி ஜான்சன் என்ற மாணவியின் குரல் ஐந்து ஸ்தாயியைத் தாண்டியது. 1956-இல் ஃபோக்வேஸ் நிறுவனம் இந்தச் சோதனைகளை ஓர் இசைத்தட்டாகவே வெளியிட்டது.

ஐந்து ஸ்தாயி என்றால் என்ன என்று கணக்குப் போட்டுப் பார்த்தால்தான் உறைக்கும். ஒரு ஸ்தாயி ஏறினால் அதிர்வு இரு மடங்காகும். ஐந்து ஏறினால் முப்பத்திரண்டு மடங்கு. நொடிக்கு 65 அதிர்வில் தொடங்குகிறவர் 2080-இல் போய் நிற்க வேண்டும். நாம் சாதாரணமாகப் பேசும்போது பெரும்பாலும் ஒரு ஸ்தாயிக்குள்ளேயே சுற்றி வருகிறோம். ஒரு வீட்டில் அஞ்சு அறை இருந்தும் வாசல் திண்ணையிலேயே குடித்தனம் நடத்துவது மாதிரி.

ஆனாலும் இந்த எண்ணிக்கை விளையாட்டில் எனக்கு ஒரு மனக்குறை உண்டு. விலங்கு போல, வாத்தியம் போல, யந்திரம் போல என்று வரிசையாக ஒலிகளை எழுப்பிக் காட்டுவது வியப்பாகத்தான் இருக்கிறது. வியந்து முடித்த பிறகு என்ன? கம்பி மேல் நடப்பவரைப் பார்த்துக் கைதட்டுவோம், அழ மாட்டோம். குரல் எவ்வளவு தூரம் போகும் என்பதை அந்த அறை காட்டிவிட்டது. எதற்காகப் போக வேண்டும் என்பதை ஒரு வேடம்தான் சொல்ல முடியும்.

தொண்டைக்குள் நடப்பது

இதில் மாயம் எதுவும் இல்லை என்று சொல்லிவிடுவது நல்லது. ஆண்களின் குரல்நாண் ஏறத்தாழ 17 முதல் 25 மில்லிமீட்டர் நீளம், பெண்களுக்கு 12.5 முதல் 17.5 வரை. இந்தச் சின்னத் தசை மடிப்புகள் கனமாகவும் தளர்வாகவும் இருந்தால் நெஞ்சுக் குரல். மெலிந்து நீண்டு ஓரம் மட்டும் அதிர்ந்தால் பொய்க்குரல். காற்று மிகக் குறைந்து, நாண்கள் விட்டுவிட்டு அதிர்ந்தால் பழைய கதவுக் கீல் போன்ற கரகரப்பு. ஒரு நிலையிலிருந்து இன்னொன்றுக்குத் தசைகள் சட்டென்று இடம் மாறும்போது கேட்பதுதான் அந்த உடைப்பு.

இவற்றுக்குச் சற்று மேலே போலிக் குரல்நாண்கள் என்று இன்னொரு ஜோடி உண்டு. விழுங்கும்போது மூச்சுக்குழாயைக் காக்க உதவுவது அவற்றின் வேலைகளில் ஒன்று. பேச்சில் அவற்றுக்குப் பங்கு கிடையாது. ஆனால் அவற்றையும் சேர்த்து அதிர வைக்க முடியும். கீழே உள்ள நாண்கள் இரண்டு முறை அதிரும்போது இவை ஒரு முறை அதிர்ந்தால், பாடும் ஸ்வரத்துக்கு ஒரு ஸ்தாயி கீழே இன்னொரு ஒலி தோன்றும். ஒரே ஆள், இரண்டு ஸ்வரம். ராய் ஹார்ட் ஒரே மூச்சில் ஒன்றுக்கு மேற்பட்ட ஸ்வரங்களை எழுப்பினார் என்பதை நம்பக் கஷ்டப்படுகிறவர்கள் இந்த இயக்கத்தை நினைவில் வைத்துக்கொள்ளலாம்.

குரல் தொண்டையில் இல்லை, முழு மனிதனிலும் இருக்கிறது என்பது வுல்ஃப்ஸோனின் நம்பிக்கை. பாதி ஒத்துக்கொள்வேன். தொல்காப்பியப் பிறப்பியலும் கொப்பூழிலிருந்து கிளம்பும் காற்று தலை, மிடறு, நெஞ்சு மூன்றிலும் நின்று எழுத்தாகிறது என்றுதானே சொல்கிறது. மிடறு மூன்றில் ஒன்று. மறு பாதியை ஒத்துக்கொள்ள முடியாததற்குக் காரணம், அந்த 17 மில்லிமீட்டர் கெட்டுப் போனால் முழு மனிதனும் ஊமையாகிவிடுவான் என்பதை நான் நேரில் பார்த்தது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

அரசனும் தொண்டையும்

ராய் ஹார்ட் தென்னாப்பிரிக்காவிலிருந்து லண்டனுக்கு நடிப்புப் படிக்க வந்தவர். 1947-இல் வுல்ஃப்ஸோனைச் சந்தித்தார். கையில் இருந்த வழக்கமான நடிகர் வாழ்க்கையைத் தள்ளி வைத்துவிட்டு அந்தச் சின்ன அறையில் ஆண்டுக்கணக்கில் குரலைத் தோண்டினார். குரு இறந்த பிறகு மாணவர்களை ஒன்று சேர்த்து நாடகக் குழுவாக்கினார். குருவிடம் சோதனையாக இருந்தது சிஷ்யரிடம் அரங்கமானது. ஜெர்மன் இசையமைப்பாளர் ஹான்ஸ் வெர்னர் ஹென்ஸே 1968-இல் இந்தக் குரலை வைத்தே ஒரு படைப்பை எழுதினார். அடுத்தது டேவிஸ்.

பாடல்களை எழுதியவர் ஆஸ்திரேலிய எழுத்தாளர் ராண்டால்ஃப் ஸ்டோ. அவருக்குக் கரு கிடைத்தது ஒரு பொம்மை அளவு விசை ஆர்கனிலிருந்து. எட்டு மெட்டு வாசிக்கும் அந்தப் பெட்டி இங்கிலாந்தின் மூன்றாம் ஜார்ஜ் மன்னருடையது, பறவைகளுக்குப் பாட்டுக் கற்றுத் தர அவர் வைத்திருந்தது என்று ஒரு துண்டுக் காகிதம் அதோடு கூடவே வந்தது. சித்தம் கலங்கிய அரசன் குருவிகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுக்கிறான். இதை விடவும் கச்சிதமான நாடகக் காட்சியை யாரும் கற்பனையில் செய்துவிட முடியாது. ஸ்டோவின் வரிகளில் மன்னர் உண்மையில் பேசிய வாக்கியங்களும் கலந்திருக்கின்றன.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 1788-இல் நோய் முற்றியபோது மூன்றாம் ஜார்ஜ் மணிக்கணக்காக, நிறுத்தாமல், தொண்டை கட்டிப் போகும் அளவுக்குப் பேசினார். அவருடைய நோயின் முதல் அடையாளங்களில் ஒன்றே குரல்தான். ஆக, உடைந்த குரலை அந்த வேடத்தின் மேல் யாரும் வெளியிலிருந்து ஒட்ட வைக்கவில்லை. அது ஏற்கெனவே அங்கே இருந்தது. பயிற்சி அறையில் வித்தையாக இருந்த ஒலி, இங்கே ஒருவனின் நிலைமையாக மாறிவிட்டது. இந்த நிகழ்வில் எனக்கு விளங்கிய முக்கியமான விஷயம் இதுதான்.

டேவிஸ் அதை எப்படி இசையில் கட்டினார் என்பது நுணுக்கமாகப் பார்க்கத் தக்கது. கூண்டுக்குள் இருக்கும் நான்கு வாத்தியங்களும் அரசன் பாட்டுக் கற்றுத் தரும் பறவைகள். கூடவே சில பாடல்களில் அவை வேறு ஆட்களாகவும் ஆகின்றன. மூன்றாவது பாட்டில் புல்லாங்குழல் ஒரு பணிப்பெண். நான்காவதில் செல்லோ, தேம்ஸ் நதி. தாள வாத்தியக்காரர் அரசனைக் காவல் காப்பவர். மூன்றாவது பாட்டின் ஸ்வரத்தாளே பறவைக் கூண்டின் வடிவத்தில் அச்சாகியிருக்கிறது. குறுக்கும் நெடுக்குமாகப் போகும் கோடுகள் கம்பிகள்.

புல்லாங்குழலும் கிளாரினெட்டும் தனி ஸ்வரம் வாசிக்கும் வாத்தியங்கள் என்றுதான் நினைப்போம். இங்கே அவற்றையும் ஒரே ஊதலில் பல ஸ்வரம் பிளந்து வரும்படி வாசிக்க வைத்திருக்கிறார். அரசனின் குரல் பிளக்கும்போது பறவையும் பிளந்து பதில் சொல்கிறது. கூண்டில் இருப்பது யார், வெளியே இருப்பது யார் என்ற எல்லை காதுக்குள்ளேயே கலைந்து போகிறது. வசனத்தால் ஒரு பக்கம் முழுக்க எழுதினாலும் இது கிடைக்காது.

வயலின் உடையும் ஏழாவது பாட்டு, ஹேண்டலின் பழைய பக்தி இசையிலிருந்து ஆறுதல் சொல்லும் ஒரு வரியோடு தொடங்குகிறது. மேல் ஸ்தாயியில் நெளிந்து, கரடுமுரடாகத் திரிந்து, நடன மெட்டாகச் சரிகிறது. பறவையைக் கொல்வதன் மூலம் அரசன் தன்னில் ஒரு பகுதியைக் கொன்றுவிடுகிறான், அதன் பிறகுதான் தன் சாவைத் தானே அறிவிக்க அவனால் முடிகிறது என்பது டேவிஸின் விளக்கம். எட்டாவது பாட்டில் அரசன் தன்னைப் பற்றி இறந்த காலத்தில் பேசுகிறான். பிறகு ஊளையிட்டபடியே மேடையை விட்டுப் போகிறான். முரசு அவனைத் துரத்திக்கொண்டு போகிறது. எட்டாவதில் குரல் பெரும்பாலும் நிதானமாக இருக்கும். ஏழு பாட்டுக் கலவரத்துக்குப் பிறகு ஒரு மனிதன் சாதாரணமாகப் பேசுவதைக் கேட்பது எவ்வளவு பயங்கரம் என்று அங்கேதான் தெரிந்தது.

இதோடு ஒப்பிட எனக்குப் பிரெஞ்சு நாடகக் கலைஞர் அந்தோனின் ஆர்த்தோ நினைவுக்கு வருகிறார். 1947-இல் பிரெஞ்சு வானொலிக்காக அவர் பதிவு செய்த அலறல்களும் கீச்சல்களும் முரசடிகளும், 1948 பிப்ரவரியில் ஒலிபரப்பாக இருந்த நிலையில் தடுத்து நிறுத்தப்பட்டன. அதை இப்போது கேட்டாலும் முதுகில் சில்லென்று ஏறும். ஆனால் அங்கே அலறுவது ஆர்த்தோ, வேறு யாரும் இல்லை. நோயாளியின் படுக்கைக்குப் பக்கத்தில் நிற்கும் சங்கடம் கேட்பவருக்கு வந்துவிடுகிறது. ஹார்ட் அலறும்போது ஓர் அரசன் இடையில் நிற்கிறான். அந்த இடைவெளி கிடைத்ததால்தான் நம்மால் காதைப் பொத்தாமல் கேட்க முடிகிறது.

ஒரே தொண்டைக்கா?

ஹார்டின் குரலுக்கென்றே அளந்து தைத்த சட்டை அது. அவர் இல்லாவிட்டால் யார் போட்டுக்கொள்வார் என்று கேட்கலாம். அந்தக் கேள்விக்கு விடை சீக்கிரமே வந்தது. 1970-களின் தொடக்கத்தில் வந்த இசைத்தட்டில் அரசனாகப் பாடியவர் ஜூலியஸ் ஈஸ்ட்மன் என்ற அமெரிக்க இசையமைப்பாளர். அவர் வுல்ஃப்ஸோன் பரம்பரையில் வந்தவர் அல்ல. பிறகு பல நாடுகளில் பலர் பாடியிருக்கிறார்கள். பூட்டு எல்லாத் தொண்டையிலும் இருக்கிறது என்ற அந்தப் பழைய யூகத்துக்கு இதை விட நல்ல சாட்சி கிடைக்காது என்பது என் எண்ணம். கூடவே இன்னொன்றையும் அது காட்டுகிறது: சாவி ஒரே ஆளிடம் இல்லை.

குழுவின் கதை அந்த இடத்தில்தான் கொஞ்சம் சிக்கலானது. பயிற்சி, வாழ்க்கை, நட்பு எல்லாம் ஹார்டைச் சுற்றியே பின்னிக் கிடந்தன. 1970-களின் நடுவில் லண்டனை விட்டுத் தென் பிரான்சின் செவென் மலைப்பகுதியில் மலெரார்க் என்ற இடத்தில் இருந்த பழைய மாளிகைக்குக் கூட்டமாகக் குடிபெயர்ந்தார்கள். 1975 மே 18 அன்று கார் விபத்தில் ராய் ஹார்ட், அவர் மனைவி டோரதி, குழுவைச் சேர்ந்த விவியன் யங் மூவரும் இறந்தார்கள். குருவின் நிழலிலேயே வளர்ந்த குழு அத்தோடு கலைந்திருக்க வேண்டும், கலையவில்லை. அங்கிருந்து கிளம்பிய ஆசிரியர்கள் பல நாடுகளில் குரல் பயிற்சி கொடுத்தார்கள். மலெரார்க்கும் பயிற்சி மையமாகத் தொடர்ந்தது.

எங்கள் ஒத்திகையில்

இதையெல்லாம் படித்த மிதப்பில் நான் செய்த தவறு ஒன்று. எங்கள் நாடகம் ஒன்றில் மகன் இறந்த செய்தி கேட்கும் அப்பா வேடம். வசனம் கிடையாது, ஓர் அலறல் மட்டும். நடித்தவருக்கு நல்ல கனமான குரல். நான் கீழே உட்கார்ந்துகொண்டு “இன்னும், இன்னும் உள்ளேயிருந்து வரட்டும்ண்ணே” என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். அவரும் கழுத்து நரம்பு புடைக்கக் கொடுத்தார். மூன்றாம் நாள் காலை வணக்கம் சொல்ல வாயைத் திறந்தார்; வெறும் காற்று வந்தது. உள்ளேயிருந்து என்று நான் சொன்னதை அவர் தொண்டையை இறுக்குவது என்று புரிந்துகொண்டிருந்தார். வேறு எப்படிப் புரிந்துகொள்வார்? நான் கேட்டதே சத்தத்தைத்தானே.

மருத்துவர் பேச்சே கூடாது என்றார். ஒரு வாரம் முழுக்க மௌனம். குரல் திரும்பிய பிறகும் அந்தக் காட்சியைத் தொடவே எனக்குப் பயம். அப்புறம் அடியிலிருந்து தொடங்கினோம். தரையில் மல்லாந்து படுத்து, ஒரு பெருமூச்சு. அடுத்த மூச்சில் அதோடு கொஞ்சம் ஒலி. மேலிருந்து கீழே வழுக்கிக்கொண்டு வந்து, கரகரப்பில் முடிகிற ஒலி. முதலில் தொண்டையில் வலி இல்லை என்பதை மட்டும் பார்த்துக்கொண்டோம். வலித்தால் நிறுத்திவிட வேண்டும், தண்ணீர் குடிக்க வேண்டும், அன்றைக்கு அவ்வளவுதான்.

ஐந்தாறு நாள் கழித்து அந்த வழுக்கலில் ஓர் இடம் பிடிபட்டது. பொய்க்குரலிலிருந்து நெஞ்சுக் குரலுக்கு இறங்கும் படியில், ஒவ்வொரு முறையும், குரல் இரண்டாகப் பிரிந்து ஒரு கணம் இல்லாமலே போய், மறுபடி வந்தது. அவர் வெட்கப்பட்டுச் சிரித்தார். “பதினாலு வயசுல இப்படித்தான் ஆச்சு, பள்ளிக்கூடத்துல கிண்டல் பண்ணுவாங்க” என்றார். அந்த இடத்தையே மெதுவாக, இன்னும் மெதுவாக இறங்கச் சொன்னேன். நான்காவது முறை இறங்கும்போது அறையில் தூணில் சாய்ந்து கைப்பேசி பார்த்துக்கொண்டிருந்த இரண்டு பேர் நிமிர்ந்தார்கள். சத்தம் முதல் வாரத்தில் கொடுத்ததில் கால்வாசிகூட இல்லை.

நாடகத்தில் அதைத்தான் வைத்தோம். செய்தி வருகிறது, அவர் அலறப் போகிறார் என்று பார்ப்பவருக்குத் தெரிகிறது, வாய் திறக்கிறது, மெல்லிசாகத் தொடங்கிய குரல் இறங்கி, படியில் தடுக்கி, ஒரு கணம் ஒன்றுமே கேட்பதில்லை. அந்த ஒன்றுமில்லாத கணம் எவ்வளவு நீளம் என்று நாங்கள் முடிவு செய்யவில்லை. அது அன்றன்றைக்கு அவர் தொண்டையின் பாடு. ஒரு நாளில் ஒத்திகையும் நாடகமும் சேர்த்து இரண்டு தடவைக்கு மேல் முழுதாகச் செய்வதில்லை என்று மட்டும் ஒரு கட்டுப்பாடு வைத்தோம்.

கடைசி வரிசைக்குக் கேட்காது என்று ஒளியமைப்பாளர் கவலைப்பட்டார். அது நியாயமான கவலைதான். அவரே யோசித்து அந்த நேரத்தில் மேடையின் மின்விசிறிகளை நிறுத்தச் சொன்னார். விசிறி நின்றதும்தான், அதுவரை அரங்கில் எவ்வளவு இரைச்சல் இருந்திருக்கிறது என்பதே எங்களுக்கு உறைத்தது.